அறுத்த நெல்லை எங்கே கொடுப்பது: தாமிரபரணிப் பாசன விவசாயியின் முன்னுள்ள நான்கு வழிகள்

தாமிரபரணிப் பாசனத்தில் இரண்டு மூன்று ஏக்கர் நஞ்சை வைத்திருக்கும் விவசாயிக்கு, நாற்றுப் பாவுவது முதல் அறுப்பது வரை கைகொடுக்கத் தலைமுறை அனுபவம் இருக்கிறது. சந்தேகம் கேட்க அம்பாசமுத்திரத்தில் 1937 முதல் இயங்கிவரும் நெல் ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. அறுத்த நெல்லை என்ன செய்வது என்ற கேள்விக்கு மட்டும், அறுவடை இயந்திரம் வரப்போரம் வந்து நின்ற பிறகே நம்மில் பெரும்பாலோர் விடை தேடுகிறோம். ஏக்கருக்கு 20 முதல் 25 குவிண்டால் என்று வைத்துக்கொண்டால், இரண்டரை ஏக்கரில் 50, 60 குவிண்டால் நெல் ஒரே பகலில் களத்துக்கு வந்துவிடுகிறது. அன்று மாலைக்குள் எடுக்கப்படும் முடிவு நான்கு மாத உழைப்புக்கு என்ன மிஞ்சும் என்பதைத் தீர்மானித்துவிடுகிறது.

வழிகள் நான்கு. தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் அரசு விலைக்குப் போடுவது ஒன்று. வயலுக்கே லாரியோடு வரும் வியாபாரியிடம் ஈரநெல்லாகவே எடைபோட்டுக் கொடுத்துவிடுவது இரண்டாவது. ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்தின் கிட்டங்கியில் இருப்பு வைத்து, அதன்மேல் பொருளீட்டுக் கடன் பெற்று, விலை ஏறும்போது விற்பது மூன்றாவது. அவித்து, அரைத்து, அரிசியாக்கி வீடுகளுக்கு நேரே விற்பது நான்காவது. இவற்றுள் எது நல்லது என்று கேட்பவரிடம் நான் முதலில் திருப்பிக் கேட்பது, நெல்லில் ஈரம் எவ்வளவு, காயப்போட இடம் இருக்கிறதா என்பதைத்தான். குவிண்டாலுக்கு யார் எத்தனை ரூபாய் தருகிறார் என்பது அதற்கு அடுத்த கேள்வி. நான்கு வழிகளுக்கும் உள்ள வித்தியாசத்தில் பெரும்பகுதி விலைப்பட்டியலில் இல்லை. நெல்லுக்குள் இருக்கும் தண்ணீரிலும், நெல் பணமாக மாறும்வரை காத்திருக்க வேண்டிய நாட்களிலும் இருக்கிறது.

ஈரத்தின் கணக்கு

கையறுப்பு நடந்த காலத்தில் அறுத்த தாள் ஒருநாள் இரண்டுநாள் வயலிலேயே கிடந்து காய்ந்த பிறகுதான் கட்டாகிக் களத்துக்கு வந்தது. சூடடித்துத் தூற்றிப் பொலி கண்டபோது நெல் பாதி காய்ந்திருக்கும். இயந்திரம் நின்ற பயிரை அறுத்து அந்த நொடியிலேயே மணியைப் பிரித்துவிடுகிறது. ஆள்கூலி மிச்சம், நேரம் மிச்சம், சிந்துவதும் குறைவு. ஆனால் பயிர் தானே செய்துகொண்டிருந்த காயவைக்கும் வேலை இப்போது விவசாயியின் தலையில் வந்து விழுந்திருக்கிறது. காலையில் பனி விலகுமுன் அறுத்த நெல்லுக்கும் உச்சிவெயிலில் அறுத்த நெல்லுக்குமே ஈரத்தில் தெளிவான வேறுபாடு உண்டு. ஆகவே இயந்திரக்காரர் விடியற்காலையில் வந்து நின்றாலும், வாடகை மணிக்கணக்கில் ஓடினாலும், பத்து மணிக்கு முன் அறுக்க வேண்டாம் என்று சொல்வது நஷ்டமில்லை.

அரசு நிலையத்தில் எடுத்துக்கொள்ளப்படும் ஈரப்பதத்தின் மேல்வரம்பு 17 விழுக்காடு. மழை கடுமையாக இருக்கும் ஆண்டுகளில் மத்திய அரசு இதைத் தளர்த்தியதுண்டு. ஆனால் தளர்த்துவார்கள் என்று நம்பி அறுவடைக்கு நாள் குறிக்க முடியாது. 2025-26 கொள்முதல் பருவத்துக்கு மத்திய அரசு அறிவித்த ஆதரவு விலை சாதாரண ரகத்துக்கு 2369 ரூபாய், சன்ன ரகத்துக்கு 2389 ரூபாய். தமிழக அரசு முறையே 131 ரூபாயும் 156 ரூபாயும் ஊக்கத்தொகை சேர்த்து, அந்தப் பருவத்துக்கு 2500 ரூபாயும் 2545 ரூபாயும் என்று விலை வைத்தது. நம் பக்கத்தில் அதிகம் விளையும் அம்பை 16 போன்ற குண்டு ரகங்கள் சாதாரண ரகத்தில் சேரும் என்பதால் அந்த 2500 ரூபாயையே இங்கே கணக்குக்கு எடுத்துக்கொள்கிறேன்.

22 விழுக்காடு ஈரத்தோடு களத்துக்கு வந்த 100 கிலோ நெல்லை 17 விழுக்காட்டுக்குக் காயவைத்தால் 94 கிலோ மிஞ்சும். ஆறு கிலோ தண்ணீர் ஆவியாகப் போய்விடுகிறது. அந்த 94 கிலோவுக்கு அரசு விலை 2350 ரூபாய். ஆக, களத்தில் கிடக்கும் அந்த ஈரநெல்லின் உண்மையான அரசு மதிப்பு குவிண்டாலுக்கு 2500 அல்ல, 2350. ஈரம் 20 விழுக்காடாக இருந்தால் இதே கணக்கு 2410 ரூபாய் காட்டும். 25 விழுக்காடாக இருந்தால் 2260 ரூபாய்க்கு இறங்கிவிடும். வியாபாரி ஈரநெல்லுக்கு 2200 ரூபாய் சொல்லும்போது, "அரசாங்கம் 2500 கொடுக்கிறது, இவர் 300 ரூபாய் அடிக்கப் பார்க்கிறார்" என்று கோபப்படுவதிலும் பொருளில்லை. "அங்கே போய் யார் காத்துக்கிடப்பது" என்று கணக்குப் பார்க்காமல் தலையாட்டுவதிலும் பொருளில்லை. ஒப்பிட வேண்டியது 2350-ஐயும் 2200-ஐயும். அந்த 150 ரூபாய்க்குள் காயவைக்கும் கூலி, தார்ப்பாய், ஏற்றுக்கூலி, டிராக்டர் வாடகை, காத்திருக்கும் நாட்கள் எல்லாம் அடங்க வேண்டும்.

ஆகவே இரண்டரை ஏக்கர் நஞ்சைக்காரர்கள் நான்கைந்து பேர் சேர்ந்து ஓர் ஈரப்பதக் கருவி வாங்கி வைத்துக்கொள்வதை, மற்ற எந்த யோசனைக்கும் முன்பாகச் சொல்வேன். பல்லில் கடித்துப் பார்த்து "டக்" என்று உடைந்தால் காய்ந்துவிட்டது என்று சொல்லும் பெரியவர்களின் கணிப்பு பெரும்பாலும் சரியாகவே இருக்கும். ஆனால் 17-க்கும் 19-க்கும் உள்ள வேறுபாட்டைப் பல் சொல்லாது, பணத்தில் அது தெரியும். தன் நெல்லின் ஈரம் தனக்கே தெரிந்திருப்பவரிடம் நிலையத்தில் ஆனாலும் வரப்பில் ஆனாலும் பேச்சு வேறு மாதிரி நடக்கிறது.

கொள்முதல் நிலையமா, வரப்பு வியாபாரியா

உண்மையான போட்டி இந்த இரண்டுக்கும் நடுவில்தான். மற்ற இரண்டு வழிகளும் நெல்லின் ஒரு பகுதிக்குத்தான் பொருந்தும்; களத்தில் கிடக்கும் பெரும்பகுதி இந்த இரண்டு வாசல்களில் ஒன்றின் வழியாகவே வெளியேறுகிறது.

அரசு நிலையத்தின் முதல் பலம் விலை முன்கூட்டியே தெரிவது. நாற்றுப் பாவும்போதே அறுவடைக்கு என்ன விலை என்று தெரியும் பயிர்கள் நம் நாட்டில் மிகக் குறைவு. வாழைக்காரருக்கும் மிளகாய்க்காரருக்கும் அந்தப் பாக்கியம் இல்லை. இரண்டாவது பலம், பணம் நேரே வங்கிக் கணக்குக்கு வருவது. கடன்காரர் களத்திலேயே நின்று பிடித்துக்கொள்ள முடியாது. மூன்றாவது, அங்கே போகும் நெல் எங்கே போகிறது என்று நமக்குத் தெரியும். தமிழ்நாடு 2002 முதல் தானே கொள்முதல் செய்து, தானே அரைத்து, தன் நியாயவிலைக் கடைகளுக்கு அனுப்பும் முறையில் இருக்கிறது. 2011 ஜூன் முதல் அட்டைதாரர்களுக்கு விலையில்லாமல் கொடுக்கப்படும் அரிசியில் நம் வயல் நெல்லும் சேர்ந்திருக்கிறது. இதைப் பெருமையாகச் சொல்வதில் எனக்குத் தயக்கமில்லை: மாஞ்சோலையிலோ மானூரிலோ ஒரு வீட்டில் மாதக் கடைசியிலும் உலை வைக்க முடிகிறதென்றால், அதற்கு இந்த ஏற்பாடு ஒரு முக்கியக் காரணம்.

பலவீனங்களையும் அதே தெளிவோடு சொல்ல வேண்டும். நிலையம் திறப்பதும் நம் அறுவடையும் ஒரே வாரத்தில் அமைவதில்லை. இணையத்தில் பதிவு செய்து, சிட்டா, அடங்கல், ஆதார், வங்கிக் கணக்குப் புத்தகம் காட்டி, கிராம நிர்வாக அலுவலரின் ஒப்புதல் பெற்று, முறை வரும்வரை நெல்லைக் காவல் காக்க வேண்டும். தரக் கட்டுப்பாடு ஈரத்தோடு நிற்பதில்லை: மண், கல் முதலியவை ஒரு விழுக்காடு, தூசி தும்பு ஒரு விழுக்காடு, கெட்டும் நிறம் மாறியும் முளைத்தும் போனவை 5 விழுக்காடு, முதிராத சுருங்கிய மணிகள் 3 விழுக்காடு என்று வரம்புகள் உண்டு. சாக்கில் ஊசிக் கரண்டியைச் செருகி, உள்ளங்கை அளவு நெல்லை எடுத்து, ஊதிப் பதர் நீக்கி, கருவியின் கிண்ணத்தில் போட்டு அழுத்தும் அந்த அரை நிமிடத்துக்காகத்தான் இத்தனை நாள் வெயில் பார்த்திருப்போம். நான்குவழிச் சாலையின் ஓரத்தில் நெல்லைப் பரப்பி, வெறுங்காலால் வரிவரியாகக் கீறிவிட்டுக்கொண்டே நடக்கும் பெண்களை முன்னீர்பள்ளம் பக்கமோ சேரன்மகாதேவிச் சாலையிலோ பார்க்காதவர்கள் இருக்க முடியாது. அவர்கள் ஒவ்வொரு முறை கீறிவிடும்போதும் நெல்லின் அடிப்பக்கத்து ஈரம் மேலே வருகிறது. அப்படிக் கீறாமல் விட்டால் மேல்மணி காய்ந்து அடிமணி ஈரமாகவே நின்று, மாதிரி எடுக்கும் இடத்தைப் பொறுத்துக் கருவி 16 என்றும் காட்டும், 20 என்றும் காட்டும். காயவைப்பது என்றால் கனம் அதிகமில்லாமல் பரப்புவதும், மணிக்கொரு முறை கிளறுவதும், சாயங்காலம் குவித்து மூடி மறுநாள் விரிப்பதும்தான். அந்த வேலைக்கு வீட்டில் ஆள் இல்லாதவருக்கு 2500 ரூபாய் என்பது தாளில் இருக்கும் விலை.

வியாபாரியின் பலம் அவர் வரும் நேரம். அறுத்த அன்றே லாரி நிற்கிறது, ஈரநெல்லை எடுத்துக்கொள்கிறார், சிட்டா கேட்பதில்லை, கையில் பாதியாவது ரொக்கம் கொடுக்கிறார். நம் குண்டு நெல்லுக்குக் கேரளத்து ஆலைகளில் தேவை இருப்பதால், காலடி போன்ற ஆலை ஊர்களுக்கு நெல் சேர்க்கும் வியாபாரிகளும் தரகர்களும் செங்கோட்டை வழியாகவும் நாகர்கோவில் வழியாகவும் நம் பக்கம் வருகிறார்கள். அவர்கள் வரும் ஆண்டுகளில் வரப்பு விலை அரசு விலையை ஒட்டியே நிற்கும். சில சமயம் தாண்டவும் செய்யும். அந்த நாட்களில் வியாபாரியிடம் கொடுப்பதே சரி. விலை அரசு விலையைத் தாண்டியிருக்கும்போது வரிசையில் நின்றே தீர வேண்டும் என்ற கட்டாயம் யாருக்கும் இல்லை.

வியாபாரி சொல்லும் விலையையும் அவர் கொடுக்கும் விலையையும் தனித்தனியே பார்க்க வேண்டும். சாக்கு எடைக்கு ஒரு கிலோ, தூசிக்கு ஒரு கிலோ என்று கழிப்பது பல ஊர்களில் வழக்கமாகிவிட்டது. 62 கிலோ மூட்டையை 60 கிலோ என்று எழுதினால், 2300 ரூபாய் என்று பேசிய விலை உண்மையில் 2225 ரூபாய்தான். ஆகவே பேரம் பேசும்போது விலையை ஏற்றக் கேட்பதைவிடக் கழிவைக் குறைக்கக் கேட்பது பலன் தரும். எடைத்தராசைச் சமதரையில் வைக்கச் சொல்வது, தெரிந்த எடையுள்ள ஒரு மூட்டையை முதலில் ஏற்றிப் பார்ப்பது, மீதிப் பணத்துக்குக் கைப்பட எழுதி வாங்குவது ஆகிய மூன்றையும் சங்கடப்படாமல் செய்ய வேண்டும். நெல் ஏற்றிய லாரி கேரள எல்லையில் உள்ள ஆரியங்காவைத் தாண்டிய பிறகு மீதிப் பணத்துக்காகத் தொலைபேசியில் கெஞ்சும் நிலைமை எந்த விவசாயிக்கும் வரக்கூடாது.

இரண்டையும் எடைபோட்டு நான் வைத்துக்கொண்டிருக்கும் அளவுகோல் இது. ஈரத்தையும் கழிவையும் நீக்கிப் பார்த்த பிறகு அரசு விலைக்கும் வரப்பு விலைக்கும் குவிண்டாலுக்கு 150 ரூபாய்க்கு மேல் வித்தியாசம் நின்றால், காயப்போடக் களமும் வீட்டில் ஆளும் இருப்பவர் நிலையத்துக்கே கொண்டுபோக வேண்டும். 55 குவிண்டாலுக்கு அது எட்டாயிரம் ரூபாய்க்கு மேல், கூலியும் வாடகையும் போக அடுத்த பூவுக்கு, அதாவது அடுத்த பயிர்ப் பருவத்துக்கு, உரம் வாங்க ஏதாவது மிஞ்சும். வித்தியாசம் நூறு ரூபாய்க்குக் கீழே வந்துவிட்டால் வியாபாரியிடம் கொடுத்துவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்பது மேல். நடுவில் இருப்பதை வானம் தீர்மானிக்கட்டும்.

வரப்பில் பேசும் விலை எங்கே உருவாகிறது

இந்த ஒப்பீட்டில் பலரும் விட்டுவிடும் ஒன்று, வியாபாரியின் விலை அவருடைய மனத்தில் உருவாவதில்லை என்பது. உலகில் விளையும் அரிசியில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்குதான் நாடு விட்டு நாடு விற்கப்படுகிறது. மீதி எல்லாம் விளைந்த நாட்டிலேயே உண்ணப்படுகிறது. அந்தச் சிறிய வணிகத்தில் இந்தியாவின் பங்கு மட்டும் ஏறக்குறைய 40 விழுக்காடு. ஆகவே டெல்லியில் ஒரு ஆணை கையெழுத்தானால் பெனின் போன்ற மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் அடுப்பங்கரை வரை அது எட்டுகிறது. 2023 ஜூலை 20 அன்று பாசுமதி அல்லாத வெள்ளை அரிசியின் ஏற்றுமதியை மத்திய அரசு தடை செய்தது. ஆகஸ்டு 25 அன்று புழுங்கல் அரிசிக்கு 20 விழுக்காடு ஏற்றுமதி வரி போட்டது. அடுத்த சில மாதங்களில் உலகச் சந்தையில் அரிசி விலை பதினைந்து ஆண்டுகளில் காணாத உயரத்துக்குப் போனது. 2024 செப்டம்பரில் வெள்ளை அரிசித் தடை நீங்கியது. புழுங்கல் வரி பாதியாகி, அக்டோபர் 22 அன்று முழுமையாக எடுக்கப்பட்டது.

நம் குண்டு நெல் பெரும்பாலும் புழுங்கலாகவே சாப்பாட்டுக்குப் போகிறது. துறைமுகத்தில் புழுங்கலுக்கு வரி விழுந்தால், ஏற்றுமதிக்குப் போக வேண்டிய அரிசி உள்ளூர்ச் சந்தைக்குத் திரும்புகிறது. ஆலைக்காரர் நெல் வாங்குவதைத் தள்ளிப்போடுகிறார். வியாபாரி கல்லிடைக்குறிச்சி வரப்பில் நின்று விலையைக் குறைத்துச் சொல்கிறார். வாங்கி உண்பவருக்கு விலை ஏறாமல் காப்பது அரசின் கடமைதான். 2023-இல் உலகில் ஏறத்தாழ 73 கோடிப் பேர் பசியோடிருந்தார்கள் என்று ஐக்கிய நாடுகள் அமைப்புகளே கணக்குச் சொன்ன காலத்தில், உள்நாட்டு இருப்பைப் பற்றிக் கவலைப்பட்டதைக் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்தக் காப்பின் செலவை ஏற்றுமதித் தடையின் வழியாக விளைவிப்பவர் தலையில் சுமத்திவிட்டு, கொள்முதல் நிலையத்தையும் தாமதமாகத் திறந்தால், இரண்டு பக்கமும் அடைபட்டுப் போவது சிறு விவசாயிதான். 1965-இல் இந்திய உணவுக் கழகம் தன் முதல் மாவட்ட அலுவலகத்தைத் தஞ்சாவூரில் திறந்தபோது சொல்லப்பட்ட நோக்கங்களில் விவசாயிக்கு விலை விழாமல் தாங்குவதும் ஒன்று. சாந்தகுமார் தலைமையிலான உயர்மட்டக் குழு 2015-இல் கொடுத்த அறிக்கை, நாடு முழுவதையும் சேர்த்துப் பார்த்தால் விவசாயிகளில் 6 விழுக்காட்டினரே கொள்முதல் முகமைகளுக்கு ஆதரவு விலையில் விற்க முடிந்திருக்கிறது என்று சொன்னது. நமக்கு நடந்துபோகும் தூரத்தில் ஒரு நிலையம் இருப்பது எல்லா மாநிலத்து விவசாயிக்கும் கிடைத்ததல்ல. அரசு விலை என்ற தரை இருப்பதால்தான் வரப்பில் வியாபாரியோடு பேரம் பேசவே முடிகிறது. நிலையத்துக்கு ஒரு மூட்டை கூடப் போடாதவருக்கும் அந்தத் தரையின் பலன் கிடைக்கிறது. இதனால்தான் நிலையத்தின் குறைகளைச் சொல்லும்போதும் அதை மூடிவிடலாம் என்ற பேச்சுக்கு நான் ஒருபோதும் உடன்படுவதில்லை.

கிட்டங்கியில் வைத்துக் காத்திருப்பது

அறுவடை நாளில் விற்காதே, எல்லாரும் விற்கும்போது விலை இறங்கும் என்ற அறிவுரை பொதுவாகச் சரி. ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்தில் வைத்தால் நெல்லின் மதிப்பில் 75 விழுக்காடு வரை பொருளீட்டுக் கடன் கிடைக்கும், 180 நாள் தவணை உண்டு, விற்கும்போது விவசாயியிடம் கமிஷன் பிடிப்பதில்லை. இ-நாம் என்ற தேசிய இணையச் சந்தை வழியாக வெளியூர் வியாபாரியும் விலை கேட்க வழியிருக்கிறது. மிளகாய்க்கும் உளுந்துக்கும் இது அருமையான ஏற்பாடு.

நெல்லுக்குக் கணக்கு அவ்வளவு சாதகமாக வருவதில்லை. ஆறு மாதம் வைக்க வேண்டுமானால் ஈரம் 14 விழுக்காட்டுக்கு வர வேண்டும். 17-இலிருந்து 14-க்கு வரும்போது மேலும் மூன்றரைக் கிலோ போய்விடும். கடனுக்கு ஆண்டுக்கு 5 விழுக்காடு வட்டி என்று வைத்துக்கொண்டால் குவிண்டாலுக்கு ஆறு மாத வட்டி 47 ரூபாய். இரண்டையும் சேர்த்தால், இன்றைக்கு 2500 ரூபாய்க்குப் போகும் நெல் ஆறு மாதம் கழித்து 2640 ரூபாய்க்குப் போனால்தான் கைநஷ்டம் இல்லை. கிட்டங்கி வாடகையும் ஏற்றிறக்குக் கூலியும் அதற்கு மேல். பழைய நெல்லின் அரிசி சோறு நன்றாக உதிர்ந்து வரும், அதற்கு மதிப்பு உண்டு என்பது உண்மைதான். ஆனால் அந்த மதிப்பைக் கொடுப்பவர் சோறு உண்பவர், நெல் வாங்கும் வியாபாரி அல்ல. ஆகவே இந்த வழியை நான் நான்காவது வழிக்கு முன்படியாக மட்டுமே பார்க்கிறேன்: அரிசியாக்கி விற்கப் போகிறவர் நெல்லை வைத்திருக்கட்டும், நெல்லாகவே விற்கப் போகிறவர் இரண்டு மாதத்துக்கு மேல் வைக்க வேண்டாம்.

அரிசியாக்கி விற்பது

பல இளைஞர்களுக்கு இந்த வழியில்தான் ஆசை. "இடைத்தரகர் இல்லாமல்" என்ற சொல்லில் ஒரு கவர்ச்சி இருக்கிறது. ஆனால் இடைத்தரகர் செய்துகொண்டிருந்த வேலை மறைந்துவிடுவதில்லை; அதை நாம் செய்ய வேண்டியிருக்கிறது.

முதலில் அளவு. அரசு தன் ஆலைகளிடம் புழுங்கலுக்கு நூற்றுக்கு 68 கிலோ அரிசி கேட்கிறது. ஊர்ச் சிறு ஆலையில் அவித்துக் காயவைத்து அரைத்தால் 63 கிலோ நல்லரிசி வந்தால் திருப்திப்படலாம். மீதி உமியும் தவிடும் குருணையும். 2500 ரூபாயை ஈடுகட்டவே அரிசி கிலோ 40 ரூபாய்க்குப் போக வேண்டும். அவியல் கூலி, அரவைக் கூலி, சாக்கு, போக்குவரத்து சேர்த்துக் கிலோவுக்கு ஐந்து ரூபாய் என்று வைத்தால் 45 ரூபாய். அதற்கு மேல் கிடைப்பதுதான் இத்தனை பாட்டுக்கும் கூலி. தவிட்டை மாட்டுக்கு வைத்துக்கொள்ளும் வீட்டில் கணக்கு இன்னும் கொஞ்சம் நேராகும்.

அடுத்தது, யார் வாங்குவார்கள் என்பது. பாளையங்கோட்டையிலும் திருநெல்வேலி டவுனிலும் அரிசிக்கடைகளில் அடுக்கியிருக்கும் மூட்டைகளில் காங்கேயம், ஆரணி, செங்குன்றம் என்று ஆலை ஊர்களின் பெயர்களைப் பார்க்கலாம். மெலிந்த, வெளுத்த, நன்றாகத் தீட்டிய அரிசிக்குப் பழகிவிட்ட வீடுகள் மதியச் சாப்பாட்டுக்குக் குண்டரிசியை எளிதில் எடுப்பதில்லை. இட்லிக்கு என்றால் விரும்பி எடுக்கிறார்கள். 1986-இல் வெளியான அம்பை 16 நம் மண்ணிலேயே உருவான ரகம். மாவு பொங்கி வரும், இட்லி பஞ்சாக இருக்கும். உளுந்தம்பருப்புச் சோறு ஆக்குகிறவர்களுக்கும் இந்தக் குண்டரிசி பிடிக்கும். உளுந்தும் அரிசியும் சேர்ந்து வெந்து, எள்ளுத் துவையலோடு பிசையும்போது மெலிந்த அரிசி குழைந்துவிடுகிறது, இது நின்று கொடுக்கிறது. ஆகவே அம்பை 16 போட்டவர் "இட்லி அரிசி" என்று சொல்லி விற்பது நேர்மையும் ஆகும், வியாபாரமும் ஆகும். மதியச் சோற்றுக்கு என்று வீடுகளைப் பிடிக்க நினைப்பவர், விதை வாங்கும் நாளிலேயே தூயமல்லி, ஆத்தூர்க் கிச்சலிச் சம்பா போன்ற ரகங்களுக்குப் போயிருக்க வேண்டும். நான்காவது வழியைத் தேர்ந்தெடுக்கும் முடிவு அறுவடைக் களத்தில் எடுக்கக்கூடியதே அல்ல.

மூன்றாவது, ஒழுங்கு. ஒரு வீடு மாதம் 20 கிலோ வாங்கினால், 10 குவிண்டால் நெல்லின் அரிசி இரண்டரை வீட்டுக்கு ஓராண்டு காணும். 50 குவிண்டாலுக்குப் பதின்மூன்று வீடுகள் வேண்டும், மாதம் தவறாமல் வேண்டும். பதின்மூன்று வீடுகள் என்பது அடைய முடியாத எண்ணிக்கை இல்லை. ஆனால் அரிசியில் ஒரு முறை வண்டு வந்தால், ஒரு முறை புழுங்கல் வாடை அடித்தால், ஒரு மாதம் தாமதமானால் வீடுகள் விலகிவிடும். ஆண்டு முழுவதும் விற்கிறோம் என்றால் ஆண்டு முழுவதும் பணமும் சிறுகச் சிறுகத்தான் வரும். அறுவடை முடிந்த வாரத்தில் நகையை மீட்க வேண்டியவருக்கு இது பயன்படாது. உணவுப் பாதுகாப்புப் பதிவு எடுத்துக்கொள்ள வேண்டும். பெயர் அச்சிட்ட பையில் விற்பதாக இருந்தால், 2022 ஜூலை 18 முதல் 25 கிலோவும் அதற்குக் கீழும் உள்ள முத்திரைப் பொதிகளுக்குச் சரக்கு சேவை வரி 5 விழுக்காடு உண்டு என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும். கடைகளில் திடீரென்று 26 கிலோ மூட்டைகள் தோன்றியதன் காரணம் அதுதான்.

இத்தனையும் சொன்ன பிறகும், விளைச்சலில் ஐந்தில் ஒரு பங்கையாவது அரிசியாக்கிப் பழக வேண்டும் என்றே நினைக்கிறேன். நம் ஊர் நெல் ஏதோ ஓர் ஊருக்குப் போய்த் தீட்டப்பட்டு, நம் ஊர்க்காரர் ஏதோ ஓர் ஊர் அரிசியை வாங்கி உண்பது என்ற சுற்றில் லாரிக்கும் ஆலைக்கும் பங்கு இருக்கிறது, விளைவித்தவருக்கும் உண்பவருக்கும் பங்கு குறைந்துகொண்டே போகிறது. பத்தாயமும் குலுக்கையும் இருந்த வீடுகளில் நெல் வைத்திருப்பது சேமிப்பாகவும் இருந்தது. கடைசி மகளின் திருமணத்துக்கு அரிசி வாங்கியதில்லை.

காருக்கு ஒரு விடை, பிசானத்துக்கு ஒரு விடை

ஒரே வயலுக்குக் கார், பிசானம் என்ற இரண்டு பூவிலும் ஒரே முடிவு பொருந்தாது. பிசானம் தை கடைசியிலும் மாசியிலும் அறுவடைக்கு வரும்போது வெயில் நம் பக்கம் இருக்கிறது. களத்தில் இரண்டு வெயில் போட்டால் 17 விழுக்காடு எட்டிவிடும். அப்போது பெரும்பகுதியை நிலையத்துக்கும், வீட்டுக்கும் விற்பனைக்குமான அரிசிக்கு ஒரு பகுதியை ஆலைக்கும் என்று பிரிப்பதே என் முடிவு. கார் புரட்டாசியில் அறுவடையாகிறது. ஐப்பசி மழை வாசலில் நிற்கிறது. தமிழ்நாட்டில் 2022 முதல் கொள்முதல் பருவம் செப்டம்பர் 1 அன்றே தொடங்குவது டெல்டாவின் குறுவைக்காகச் செய்யப்பட்டதென்றாலும் நம் காருக்கும் அது பெரிய உதவி. நிலையம் அருகில் திறந்திருந்து, வெயிலும் காய்ந்தால் போடலாம். மேகம் திரண்டிருந்தால் ஈரநெல்லை வைத்துக்கொண்டு நூறு ரூபாய்க்காக நிற்கவே கூடாது. முளைத்த நெல்லை யாரும் எந்த விலைக்கும் வாங்கமாட்டார்கள். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் கொட்டி, தாமிரபரணி கரை கடந்து ஓடியதைப் பார்த்தவர்களுக்குத் தார்ப்பாய் எவ்வளவுதான் தாங்கும் என்பது தெரியும்.

கடைசியாக, இந்த நான்கு வழிகளும் எல்லாருக்கும் திறந்தவை என்ற எண்ணத்தோடு முடிவெடுக்க வேண்டாம். நம் பகுதியில் கோயில் நிலம், மடத்து நிலம், வெளியூரில் இருப்பவரின் நிலம் ஆகியவற்றைக் குத்தகைக்குப் பயிரிடுகிறவர்கள் ஏராளம். அவர்களில் எழுத்தில் குத்தகை இல்லாதவர்களுக்கு அடங்கலில் பெயர் ஏறுவதில்லை. பெயர் ஏறாதவருக்கு நிலையத்தின் வாசல் திறப்பதில்லை. விளைவித்தது அவராக இருந்தும் நில உடைமையாளரின் பெயரில் நெல் போட்டு, அவருடைய கணக்கில் பணம் விழுந்து, அங்கிருந்து கேட்டு வாங்க வேண்டியிருக்கிறது. அல்லது வரப்பு வியாபாரி சொன்ன விலைக்குத் தலையாட்ட வேண்டியிருக்கிறது. குத்தகைக்குப் பயிர் செய்பவர் செய்யக்கூடியது, நடவு முடிந்த கையோடு கிராம நிர்வாக அலுவலரிடம் பயிர் செய்வது தானே என்று அடங்கலில் பதியக் கேட்பதும், நில உடைமையாளரிடம் பயிர்ச்சான்றுக்கு ஒப்புதல் எழுதி வாங்குவதும்தான். பிசானத்துக்கு அதை மார்கழி முடிவதற்குள் செய்துவிட வேண்டும். மாசியில் களத்தில் நெல்லைக் குவித்துவிட்டுக் கேட்டால் நடக்காது.